ஒரே ஒரு வயர்

அந்தக் காரை விற்றவன் ஒளிவு மறைவில்லாமல் சொல்லித்தான் விற்றான். "வண்டி தங்கம் சார். வாய் மட்டும்தான் பழைய மாடல்."

வாய் என்றால் சார்ஜ் ஏற்றும் துளை. சார்ஜிங் ஸ்டேஷன்களில் இப்போது பெரும்பாலும் புது மாதிரி பிளக்தான். இந்தக் கார் பழைய மாதிரி பிளக்கைத் தவிர வேறு எதையும் வாயில் வைக்காது. அதனால் இரண்டுக்கும் நடுவில் ஒரு அடாப்டர் வேண்டும். செங்கல் கனத்தில் ஒரு கறுப்புப் பெட்டி. ஒரு முனை காருக்குள் போகும், மறு முனையில் மெஷினின் பிளக் வந்து செருகிக்கொள்ளும். முகம் கொடுத்துப் பேசாத இரண்டு சம்பந்திகளுக்கு நடுவில் நின்று சேதி சொல்கிறவர் மாதிரி அதற்கு வேலை. அந்த வேலையைச் செய்ய அதன் வயிற்றுக்குள் சின்னதாக ஒரு பேட்டரி உண்டு. அந்தப் பேட்டரிக்கும் தனியாகச் சார்ஜ் போட வேண்டும். சார்ஜ் ஏற்றுகிற சாமானுக்கே சார்ஜ் ஏற்ற வேண்டும் என்று கண்டுபிடித்த புண்ணியவானை நேரில் பார்த்தால் நாலு கேள்வி கேட்கலாம். அவரெல்லாம் எங்கே நம் கண்ணில் படப்போகிறார்.

வாங்கியவன் ஒரு லிப்ட் மெக்கானிக். நாற்பது வயது, நல்ல வேலைக்காரன், வாய் செத்தவன். கோர்ட்டில் விவாகரத்து வழக்கு நடந்தபோது மனைவி பக்கத்து வக்கீல் கேட்ட எல்லாக் கேள்விக்கும் "ஆமாங்க" என்று சொல்லிவிட்டு வந்தவன் என்று அவனுடைய அக்கா இன்றுவரை தலையில் அடித்துக்கொள்வாள். எட்டு வயது மகள் அம்மாவோடு போனாள். இவனுக்கு மாதத்தில் ஒரு சனிக்கிழமை, மூன்று மணியிலிருந்து ஐந்து மணிவரை, நூற்றுப் பத்து கிலோமீட்டர் தள்ளி இருக்கிற குடும்ப சந்திப்பு மையத்தில் வைத்து மகளைப் பார்க்கலாம். குடும்பத்துப் பெரியவர் ஒருவர் கூட வந்து கையெழுத்துப் போட வேண்டும். அதற்குத்தான் அக்கா.

உத்தரவில் இன்னொரு வரியும் இருந்தது. தொடர்ந்து மூன்று முறை வராவிட்டால் சந்திப்பு ரத்து. சந்திப்பு இருக்கிறவரைதான் பிள்ளையை நாட்டை விட்டு வெளியே கூட்டிப் போக முடியாது. அவளுடைய அம்மாவுக்கு வெளிநாட்டில் வேலை தயாராகக் காத்திருக்கிறது.

முதல் முறை பஸ் பழுதாகி நின்று போயிற்று. இனி பஸ்ஸை நம்புவதில்லை என்றுதான் கையில் இருந்ததைப் போட்டு இந்தக் காரை வாங்கினான். இரண்டாவது முறை கிளம்புகிற நேரத்தில் ஒரு ஆஸ்பத்திரி லிப்டில் ஆறு பேர் மாட்டிக்கொண்டார்கள். அன்று டியூட்டியில் அவன் ஒருவன்தான். ஆறு பேரையும் வெளியே எடுத்துவிட்டு மணி பார்த்தபோது நாலரை. இன்று மூன்றாவது.

காரில் ஏறியதும் அக்கா பின் சீட்டில் இருந்த பெட்டியைப் பார்த்தாள். "என்னடா அது?"

"வாலுவுக்கு."

மகளுக்கு அவன் வைத்த பெயர் வாலு. பெட்டிக்குள் ஆமை வடிவத்தில் ஒரு விளக்கு. இருட்டென்றால் அந்தப் பிள்ளைக்குப் பயம். இந்த ஆமையைக் கொஞ்சம் அசைத்தால் போதும், முதுகு பச்சையாக ஒளிரும், உள்ளே பதிவுசெய்து வைத்த குரல் பேசும். முந்தின நாள் ராத்திரி நாலைந்து தடவை அழித்து அழித்துப் பதிவுசெய்திருந்தான்.

தெருமுனையில் முதல் வேகத்தடை ஏறி இறங்கியதும் பெட்டிக்குள்ளிருந்து குரல் வந்தது. "பயப்படாதடா வாலு, அப்பா இங்கதான் இருக்கேன்."

அக்கா தூக்கிவாரிப் போட்டுத் திரும்பினாள். பிறகு சிரித்தாள். "கோர்ட்டுல இப்படி வாயைத் திறந்து பேசியிருந்தா இன்னைக்கு நமக்கு இந்த அலைச்சல் இருக்காது."

"அக்கா, காலையிலேயே ஆரம்பிக்காத."

"மணி பன்னெண்டு. காலை எல்லாம் போயாச்சு."

அடுத்தடுத்து ஏழு வேகத்தடை. ஏழு தடவையும் ஆமை பேசிற்று. அக்கா ஒவ்வொன்றுக்கும் "சரிப்பா", "தெரியும்பா" என்று பதில் சொல்லிக்கொண்டு வந்தாள். மெக்கானிக்கும் சிரித்தான். அவன் சிரித்து அக்கா பார்த்து வெகு நாளாயிற்று.

பைபாஸில் அறுபது கிலோமீட்டர் வந்ததும் ஒரு சார்ஜிங் ஸ்டேஷன். ஸ்டேஷன் என்று பெயர்தான். ஒரு தகரக் கூரை, இரண்டு மெஷின், ஒரு சிமெண்டு பெஞ்சு, பூட்டிய கழிப்பறை. சுற்றிலும் வெறும் பொட்டல். அவன் கணக்கில் எல்லாம் சரியாக இருந்தது. ஒன்று பத்துக்கு வந்தாயிற்று. இருபத்தைந்து நிமிடம் சார்ஜ் ஏற்றினால் மீதி ஐம்பது கிலோமீட்டர் தாராளமாகப் போய்விடலாம். இரண்டு மெஷினில் ஒன்றில் பழைய மாதிரி பிளக்கே உண்டு என்று போனில் பார்த்து வைத்திருந்தான். அடாப்டர்கூடத் தேவைப்படாது.

பழைய மாதிரி பிளக் இருந்த மெஷினில் வயரே இல்லை. செம்புக்காக எவனோ அடியோடு வெட்டிக்கொண்டு போயிருந்தான். கேபிள் இருந்த இடத்தில் ஒரு சாண் ரப்பர் நீட்டிக்கொண்டிருந்தது.

"போகட்டும். அடாப்டர் இருக்கே" என்றான் மெக்கானிக். டிக்கியைத் திறந்து கறுப்புப் பெட்டியைத் தூக்கி வந்தான். காரின் வாயில் செருகினான். அடுத்த மெஷினின் பிளக்கை அதில் செருகினான். பெட்டியின் பொத்தானை அழுத்தினான்.

விளக்கு எரியவில்லை.

கழற்றித் துடைத்து மறுபடி செருகி அழுத்தினான். ஐந்தாறு தடவை அழுத்திவிட்டான்.

அக்கா வெயிலுக்குக் கையைக் குடையாகப் பிடித்துக்கொண்டு நின்றாள். "என்னடா, செத்துப் போச்சா?"

"உள்ள இருக்கிற பேட்டரி காலி. இந்த வாரம் முழுக்க தெருமுனை மெஷின்ல இதை வெச்சுத்தான ஏத்தினேன்."

"நேத்து ராத்திரி இதை சார்ஜ்ல போடலையா?"

அவன் பின் சீட்டைப் பார்த்தான். அக்காவும் பார்த்தாள். வீட்டில் அந்த அளவு முனை உள்ள வயர் ஒன்றே ஒன்றுதான். அடாப்டருக்கும் அதுதான், ஆமைக்கும் அதுதான். ஆமைக்குச் செருகிவிட்டு, அது நிறைந்ததும் எழுந்து மாற்றலாம் என்று படுத்தான். நாள் முழுக்க ஏணியில் நின்ற உடம்பு, அடித்துப் போட்ட மாதிரி தூங்கிவிட்டது. காலையில் ஆமையைக் கழற்றி, பெட்டியில் வைத்து, கலர் காகிதம் சுற்றி, அந்த சந்தோஷத்தில் மற்றதைச் சுத்தமாக மறந்தே போனான்.

அக்கா திட்டுவாள் என்று நினைத்தான். அவள் திட்டவில்லை. அதுதான் அவனுக்கு இன்னும் பயமாக இருந்தது.

"வயர் எங்க?" என்றாள்.

வயர் பையில் இருந்தது. காரில் போனுக்குச் சார்ஜ் போடும் துளையில் செருகி அடாப்டருக்கு உயிர் ஊட்ட ஆரம்பித்தான். முழுசாக ஏற ஒரு மணி நேரம் ஆகும் என்று புத்தகத்தில் போட்டிருந்தது. அரை மணி கொடுத்தால் ஒப்பேற்றிவிடலாம் என்று நினைத்தான்.

அந்த நேரம் பார்த்து ஒரு டாக்சி வந்து நின்றது. அதுவும் மின்சாரக் கார். இளைஞன் ஒருவன் இறங்கி, சும்மா கிடந்த பிளக்கை எடுத்துத் தன் காரில் செருகப் போனான்.

மெக்கானிக் ஓடினான். "தம்பி, நாங்க முன்னாடியே வந்தோம்."

டாக்சி டிரைவர் அவனையும் கறுப்புப் பெட்டியையும் பார்த்தான். "உங்களுது ஏறுதாண்ணே?"

"இன்னும் அரை மணியில ஏறும்."

"எனக்கு அரை மணியில முடிஞ்சே போயிடும்ணே. அதுவரைக்கும் மெஷின் சும்மாதான நிக்கும்? ஏர்போர்ட் சவாரி, விட்டேன்னா என் பேரைத் தூக்கிடுவாங்க."

நியாயமான பேச்சு. நியாயமாகப் பேசுகிறவர்களிடம் மெக்கானிக் எப்போதும் தோற்றுத்தான் போவான். அக்கா விடவில்லை. "தம்பி, எங்களை மட்டும் கொண்டுபோய் விட்டுடேன். மூணு மணிக்குள்ள போகணும். பிள்ளையப் பாக்கணும்."

"நான் போறது எதிர்ப் பக்கம்மா." அவனுக்கே சங்கடமாக இருந்தது. "வேற வண்டி கூப்பிட்டுப் பாருங்க."

கூப்பிட்டுப் பார்த்தார்கள். அந்தப் பொட்டலுக்கு வர எந்த வண்டிக்கும் மனசு வரவில்லை. போனில் ஒரு சக்கரம் சுற்றிக்கொண்டே இருந்தது, பிறகு மன்னிப்புக் கேட்டது. பைபாஸில் பஸ்கள் கை காட்டக் காட்ட நிற்காமல் பறந்தன. ஐந்தாவது பஸ்ஸைப் பார்த்து அக்கா மண்ணை வாரித் தூற்றாத குறைதான்.

மெக்கானிக் மையத்துக்குப் போன் செய்தான். எடுத்தது அங்கே இருக்கிற அலுவலர் அம்மாள். நல்ல மாதிரி. குரலிலேயே தெரியும்.

"மூணே காலுக்கு நான் வருகைப் பதிவேட்டை மூடணும் சார். அதுக்கு மேல ஒரு நிமிஷம்கூட என் கையில இல்ல. போன தடவ உங்களுக்காகத்தான் அஞ்சு நிமிஷம் தள்ளி மூடினேன். அதுக்கே அந்தப் பக்கத்து வக்கீல் எழுதிப் போட்டுட்டாரு."

"வந்துருவேங்க."

"வந்துருங்க சார்" என்றாள் அவள். உத்தரவு மாதிரி இல்லாமல் கெஞ்சுகிற மாதிரி இருந்தது.

டாக்சிக்காரன் சொன்னபடி ஒன்று ஐம்பத்தைந்துக்குக் கிளம்பினான். போகும்போது தானே பிளக்கை எடுத்து மெக்கானிக்கின் கையில் கொடுத்துவிட்டுப் போனான். மெக்கானிக் வயரைக் கழற்றி, அடாப்டரைக் காரின் வாயில் வைத்து, பிளக்கைச் செருகி, உள்ளங்கையால் தாங்கிப் பிடித்துக்கொண்டு, பொத்தானை அழுத்தினான். அடாப்டரில் பச்சை விளக்கு சிமிட்டியது. மெஷினின் வயிற்றுக்குள் "டக்" என்று ஒரு சத்தம். காருக்குள் திரையில் எண் ஏற ஆரம்பித்தது. பதினைந்து. பதினாறு.

"ஏறுதுடா!" என்று அக்கா கைதட்டினாள். அவன் காரின் கூரையில் நெற்றியை வைத்துக்கொண்டான். கூரை கொதித்தது. எடுக்கத் தோன்றவில்லை.

இரண்டு பதினாறுக்கு நாற்பத்தாறு சதவீதம். ஐம்பத்தெட்டு கிலோமீட்டர் ஓடும் என்றது திரை. போக வேண்டியது ஐம்பது.

"போதும், கழட்டு" என்றாள் அக்கா.

"இன்னும் ரெண்டே நிமிஷம். வழியில மேடு இருக்கு, ட்ராபிக் இருக்கு."

"திரையே போதும்னு சொல்லுதேடா."

"திரை சொல்றதை நம்பி வேலை செய்யக் கூடாதுக்கா."

அவன் தொழில் அப்படி. ஒரு கயிறு தாங்குகிற லிப்டுக்கு ஐந்து கயிறு கட்டுகிற தொழில். எட்டுப் பேர் ஏறலாம் என்று எழுதியிருந்தால் பத்துப் பேரை ஏற்றிப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போடுவான். பதினெட்டு வருஷத்தில் அவன் கைபட்ட லிப்ட் ஒன்றுகூட அறுந்ததில்லை. அந்தக் கைதான் இப்போதும் இரண்டு நிமிடம் கேட்டது.

ஒன்றரை நிமிடத்தில் பச்சை விளக்கு அணைந்தது. மெஷின் பெருமூச்சு விட்ட மாதிரி நின்றது. அரை வயிற்றுச் சார்ஜோடு விழித்த அடாப்டர் மறுபடி செத்துவிட்டது.

"சரி, விடு, போதும்" என்று அவன் பிளக்கை இழுத்தான். வரவில்லை. சார்ஜ் ஏறும்போது யாரும் இழுத்துவிடாமல் இருக்க அடாப்டர் உள்ளிருந்து கொக்கி போட்டுப் பிடித்துக்கொள்ளும். மெஷின் பக்கம் ஒரு கொக்கி, கார் பக்கம் ஒரு கொக்கி. இரண்டையும் விடுவிப்பது உள்ளே இருக்கிற அதே சின்னப் பேட்டரிதான். பேட்டரி செத்தால் கொக்கி கொக்கியாகவே நின்றுவிடும்.

போதுமான சார்ஜோடு, சாவி போட்டால் ஓடத் தயாராக, கார் அந்த மெஷினில் கட்டிப் போட்டபடி நின்றது.

அவன் காலை முட்டுக் கொடுத்து இழுத்தான். அக்கா அவன் இடுப்பைப் பிடித்து இழுத்தாள். வேறு நாளாக இருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பார்கள். மெஷினில் எழுதியிருந்த உதவி எண்ணைக் கூப்பிட்டான். உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியமானது என்று மூன்று தடவை சொன்ன பிறகு ஒரு பெண் வந்தாள்.

"அடாப்டர் போட்டிருக்கீங்களா சார்? அடாப்டர் போட்டா எங்க பொறுப்பு இல்ல சார்."

"பொறுப்பு வேணாம்மா. கழட்ட வழி சொல்லு."

"புகார் பதிவு பண்ணிக்கவா சார்? திங்கக்கிழம ஆள் வருவாங்க."

போனை வைத்துவிட்டான். காருக்குள்ளிருந்து வரும் வயர் அடாப்டர்வரை எட்டவில்லை. தரையில் மல்லாந்து படுத்து அடாப்டரின் அடிவயிற்றைப் பார்த்தான். இந்த உலகத்தில் பூட்டுகிற எதற்கும் கையால் திறக்க ஒரு வழி வைக்காமல் செய்ய மாட்டார்கள். கரண்ட் போனால் லிப்ட் கதவைத் திறக்க மேலே ஒரு சின்னத் துளை இருக்கும். நூறு தடவை அந்தத் துளையில் சாவியை விட்டு ஆட்களை வெளியே எடுத்திருக்கிறான். இதிலும் இருக்கும். இருக்க வேண்டும்.

ரப்பர் மூடிக்கு அடியில் ஊசி முனையளவு ஒரு துளை இருந்தது.

"அக்கா, ஹேர்பின்!"

அவள் தலையிலிருந்து உருவிக் கொடுத்தாள். அதை நிமிர்த்தி, துளைக்குள் விட்டு, கண்ணை மூடிக்கொண்டு துழாவினான். கண்ணை மூடினால்தான் அவன் கைக்குப் பார்வை வரும். வியர்வை காதுக்குள் வழிந்தது. நாலு தடவை வழுக்கியது. ஐந்தாவது தடவை "கிளிக்". கார் பக்கத்துக் கொக்கி விட்டது. மெஷின் பக்கத்துக் கொக்கி விடவே இல்லை. அடாப்டர் மெஷினின் கேபிள் முனையில் அப்படியே தொங்கிற்று.

மணி இரண்டு முப்பத்தெட்டு.

"அது அங்கயே கிடக்கட்டும். ஏறு" என்றான்.

"திரும்பி வர்றதுக்கு?"

"ஏறுக்கா!"

அவன் குரலை உயர்த்தி அக்கா கேட்டதில்லை. ஏறினாள்.

அந்த ஐம்பது கிலோமீட்டர் எப்படிப் போனது என்று பிறகு கேட்டால் இருவருக்கும் சொல்லத் தெரியாது. ஏசியை அணைத்தார்கள். கண்ணாடியை இறக்கினால் காற்று இழுத்துச் சார்ஜ் குறையும் என்று அதையும் ஏற்றிவிட்டார்கள். உள்ளே வெந்தார்கள். வேகம் கூட்டினால் திரையில் கிலோமீட்டர் சரசரவென்று இறங்கும். குறைத்தால் கடிகாரம் ஏறும். அவன் பல்லைக் கடித்துக்கொண்டு இரண்டுக்கும் நடுவில் காலை வைத்திருந்தான். ஒவ்வொரு குண்டுக்கும் குழிக்கும் பின் சீட்டிலிருந்து ஆமை பேசிற்று. இந்த முறை அக்கா பதில் சொல்லவில்லை.

மூன்று ஐந்துக்கு ஊர் எல்லை. மூன்று பத்துக்கு ஒரு சிக்னல், அதையடுத்து இன்னொன்று. மூன்று பதினைந்துக்கு ஒரு குப்பை லாரிக்குப் பின்னால் நின்றிருந்தார்கள். லாரிக்காரன் இறங்கி யாருக்கோ கை காட்டிப் பேசிக்கொண்டிருந்தான். மெக்கானிக் ஹாரன் அடிக்கவில்லை. ஸ்டீரிங்கைப் பிடித்துக்கொண்டு உதட்டை அசைத்துக்கொண்டே இருந்தான்.

மையத்தின் வாசலில் கார் நின்றபோது மூன்று இருபத்திரண்டு. அவன் கதவை மூடக்கூடச் செய்யாமல் ஓடினான்.

அலுவலர் அம்மாள் வராந்தாவிலேயே நின்றிருந்தாள். கையில் பதிவேடு இல்லை. அதைப் பார்த்ததும் அவன் ஓட்டம் தானாக நின்றது.

"மூணு பதினேழு வரைக்கும் பேனாவைத் திறக்காம உக்காந்திருந்தேன் சார்" என்றாள். "வக்கீல் பக்கத்துலயே நின்னுட்டிருந்தாரு. பிள்ளையும் அம்மாவும் இப்பதான் போனாங்க. நாலு நிமிஷம் இருக்கும்."

"வழியில சார்ஜ்..." என்று ஆரம்பித்தான். எங்கிருந்து ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. வெட்டிய வயரிலிருந்தா, ராத்திரியிலிருந்தா? "அடாப்டர்..." என்றான். அவ்வளவுதான் வந்தது.

"மனு போடலாம் சார். ஆனா நான் பொய் சொல்ல மாட்டேன். மூணு தடவன்னா கோர்ட்டுல கேக்கறதில்ல."

அக்கா மூச்சிரைக்க வந்து சேர்ந்தாள். சுவரைப் பிடித்துக்கொண்டு, "பிள்ளை எப்படிம்மா இருந்தா? அழுதாளா?" என்று கேட்டாள்.

அலுவலர் அம்மாள் அவன் முகத்தைப் பார்த்தாள். சொல்லலாமா என்று யோசித்திருக்க வேண்டும்.

"அழலை. முதல் தடவ பெரிய பை தூக்கிட்டு வந்தா. நோட்டு, படம், பள்ளிக்கூடத்துல கொடுத்த பதக்கம் எல்லாம். போன தடவ ஒரே ஒரு படம் கொண்டுவந்தா. இன்னைக்கு எதுவும் எடுத்துட்டு வரல. கையை மடியில வெச்சுட்டு சும்மா உக்காந்திருந்தா."

மெக்கானிக் தலையை ஆட்டினான். கோர்ட்டில் ஆட்டிய அதே தலை. பிறகு ஏதோ ஞாபகம் வந்தவனாகக் காருக்கு ஓடிப்போய் கலர் காகிதப் பெட்டியை எடுத்து வந்து நீட்டினான்.

"இதை மட்டும் கொடுத்துருங்க."

"சந்திப்பு நடந்தாத்தான் சார் பொருள் வாங்க முடியும்." அவள் கண் கலங்கியிருந்தது. கையை நீட்டவில்லை.

அவன் திரும்பி வந்து காரில் உட்கார்ந்தான். அக்கா பக்கத்தில் உட்கார்ந்தாள். திரையில் ஐந்து சதவீதம் என்று சிவப்பாகச் சிமிட்டியது. அடாப்டர் ஐம்பது கிலோமீட்டருக்கு அப்பால் ஒரு கேபிள் முனையில் தொங்கிக்கொண்டிருக்கிறது. இந்தக் கார் இனி எங்கேயும் போகாது. போக வேண்டிய இடமும் இல்லை.

"எந்திரிச்சு மாத்தியிருக்கலாம்" என்றான் அவன். "ஒரு தடவ கண்ணு முழிச்சேன்கா. ஆமை பச்சையா எரிஞ்சுட்டிருந்தது. அழகா இருந்தது. இன்னும் கொஞ்ச நேரம் எரியட்டும்னு திரும்பிப் படுத்துட்டேன்."

அக்கா அவன் மடியிலிருந்த பெட்டியை வாங்கிப் பின் சீட்டில் வைக்கலாம் என்று கையை நீட்டினாள். பெட்டி அசைந்தது. கலர் காகிதத்துக்கு உள்ளே பச்சை வெளிச்சம் பரவியது.

"பயப்படாதடா வாலு, அப்பா இங்கதான் இருக்கேன்."

அவன் காகிதத்தைக் கிழித்து ஆமையைத் திருப்பித் திருப்பி அணைக்கிற பொத்தானைத் தேடினான். திருப்பும்போதெல்லாம் அது பேசியது. அணைக்கப் பொத்தான் இல்லை. அடியில் பொடி எழுத்தில் ஒட்டியிருந்தது: ஒருமுறை முழுதாகச் சார்ஜ் செய்தால் பத்து நாள் வரும்.